ஏணியில் ஏறியவனும் இறங்கியவனும்

புலோன் துறைமுகம்,
1912 ஜூன் 10, திங்கள்.

அன்புத் தம்பி ஆன்ஸெல்முக்கு,

அக்கா ஓனொரின் எழுதிக்கொள்வது. நானும் அப்பாவும் நலம். நீ நலமா என்று கேட்கத்தான் பேனாவை எடுத்தேன். எடுத்த உடனே எனக்கே குழம்பிவிட்டது. நேற்று மத்தியானம்தானே உன்னைப் பார்த்தேன்! ஒரு போலீஸ்காரரின் தொப்பியைப் பிடுங்கிக்கொண்டு மூன்று தெரு ஓடினாய், பால் வண்டிக்குள் விழுந்தாய், எழுந்து நின்று பல்லைக் காட்டினாய். அப்படி ஓடத் தெம்பு இருப்பவனுக்கு நாலு வரி எழுதத் தெம்பில்லையா?

மார்ச் மாதத்திலிருந்து உன்னிடமிருந்து ஒரு துண்டுக் காகிதம் கூட இல்லை. மார்ச் முதல் வாரத்தில் நான் எழுதிய கடிதம் சாதாரணக் கடிதமா? அப்பா கொட்டகைக்கு வந்தார், முன் வரிசையில் உட்கார்ந்தார், நீ திரையில் வந்ததும் கைதட்டினார் என்று எழுதினேனே. ஏழு வருடத்துக்கு முன் நீ சர்க்கஸ்காரர்களோடு கிளம்பிப் போனபோது "எனக்கு மகனே இல்லை" என்று சொன்ன அதே மனிதர். அந்தச் செய்திக்குக்கூட நீ பதில் போடவில்லை என்றால் நான் என்னவென்று நினைப்பது? மே மாதம் மறுபடி எழுதினேன். நீ குடியிருந்த வீட்டுக்காரி, "இங்கே இல்லை, விலாசம் தெரியாது" என்று உறையின் மேலேயே கிறுக்கித் திருப்பி அனுப்பிவிட்டாள்.

மீன் சந்தையில் என் பக்கத்துக் கடை ஸெலியை உனக்குத் தெரியும், வாயை மூடவே மாட்டாள். அவள் சொல்கிறாள்: "படத்துல ஓடினா ஆள் நல்லா இருக்கான்னு அர்த்தமாடி? எடுத்து எத்தன மாசமாச்சோ!" அங்கியைக்கூடக் கழற்றாமல், செதிலும் கையுமாகக் கொட்டகைக்காரர் க்ளாபோவிடம் ஓடினேன். "அட நீ ஒண்ணு! எல்லாம் புதுப் படம்மா. போன வாரம் எடுத்தது, இந்த வாரம் இங்க" என்று அவர் மீசையைத் தடவிக்கொண்டு சொன்னார். அப்புறம்தான் மூச்சு வந்தது. வந்த மூச்சோடு கோபமும் வந்தது.

இந்தக் கடிதத்தை உன் படக் கம்பெனி விலாசத்துக்கு அனுப்புகிறேன். க்ளாபோ ஒரு யோசனை சொன்னார்: "உறை மேல ஆன்ஸெல்முன்னு போடாதே. அங்க நடிகருங்க பேரு எவனுக்கும் தெரியாது. திர்லூன்னு போடு, நேரா போய்ச் சேரும்." எனக்கு அது பிடிக்கவில்லை. ஞானஸ்நானத்தில் உனக்கு வைத்த பெயர் ஒன்று இருக்கிறது, உன்னைத் தொட்டியருகே தூக்கிக்கொண்டு நின்றவளும் நான்தான். ஆனாலும் உன் வேடத்தின் பெயரான திர்லூ என்றே போட்டிருக்கிறேன்.

அப்பாவுக்குக் கண் முன்போல் இல்லை. திரையில் கட்டம் போட்ட கால்சட்டை ஓடுவது மட்டும் தெரிகிறது, அது போதும் என்கிறார். ஒவ்வொரு ஞாயிறும் சவரம் செய்துகொள்கிறார். பக்கத்தில் உட்காருபவன் யாரானாலும், "நம்ம பய!" என்று முழங்கையால் இடிக்கிறார். வலை இழுத்துப் பழகிய தோளுக்கு அது செல்ல இடி, வாங்கியவன் நாற்காலியோடு நகர்ந்து உட்காருகிறான்.

பதில் போடு. பெரிய மனிதனாகிவிட்டாய் என்றால் அதையாவது எழுதித் தொலை.

உன் உடம்பை மாதா காக்கட்டும்,
அக்கா ஓனொரின்.


புலோன்,
1912 ஜூலை 15, திங்கள்.

தம்பி,

உன் பதில் வந்தது. அதைப் பதில் என்று சொல்வதா, என்ன சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை. ஒரு புகைப்பட அட்டை. கட்டக் கால்சட்டை, நசுங்கிய தொப்பி, ஒட்டு மீசை, முகமெல்லாம் வெள்ளைப் பூச்சு. பின்னால் அச்சில் "தங்கள் பாராட்டுக்கு நன்றி", அதன் கீழே மையில் "என்றும் உங்கள் திர்லூ". பாராட்டா? நான் உன்னைத் திட்டி மூன்று பக்கம் எழுதியிருந்தேன்! கையெழுத்தும் உன்னுடையது இல்லை. உன் எழுத்து கோழி கிளறியது மாதிரி இருக்கும், இது ஏதோ குமாஸ்தாவின் அழகான எழுத்து. ஊர் உலகத்துக்கெல்லாம் அனுப்புவதை எனக்கும் அனுப்பிவிட்டார்கள் என்று இரண்டு நாள் கழித்துத்தான் புரிந்தது.

இருந்தாலும் அட்டையில் இருப்பது நீதான். அதை அடுப்பு மேல் வைத்திருக்கிறேன். போன வாரம்வரை அதைப் பார்த்து மனதைத் தேற்றிக்கொண்டேன்.

போன வாரம் ஒன்று நடந்தது. அதை ஒழுங்காக எழுத முயல்கிறேன். பைத்தியக்காரி என்று நினைத்தாலும் பரவாயில்லை.

ஏழாம் தேதி ஞாயிறு "திர்லூ வெள்ளையடிக்கிறான்" என்ற படம். முதலில் நீ சுவருக்கு வெள்ளையடிக்கிறாய், இடது கையால். உன் இடது கை எனக்குத் தெரியாதா? சாப்பிடும்போது அப்பா அதை வலைக்கயிற்றால் நாற்காலியோடு கட்டிப் போட்டார். அப்போதும் நீ வலது கையால் கரண்டி பிடிக்க மாட்டேன் என்று பட்டினி கிடந்தாய். பார்த்ததும் எனக்குச் சிரிப்பு வந்தது. பிறகு நீண்ட ஏணி ஒன்றில் ஏறுகிறாய், கூரைவரை. ஏணி ஆடுகிறது, சாய்கிறது. அடுத்த காட்சியில் தெருவில் விழுந்து கிடக்கிறாய், எழுந்திருக்கிறாய், சுண்ணாம்பு வாளியைத் தூக்கி ஒரு சீமாட்டி மேல் ஊற்றுகிறாய். வலது கையால். பிறகு படம் முடியும்வரை எல்லாமே வலது கை. அறைவது, தொப்பி எடுப்பது, மூக்கு சிந்துவது உட்பட.

கொட்டகையே சிரித்தது. அப்பாவும் சிரித்தார். எனக்கு மட்டும் சிரிப்பு நின்றுவிட்டது.

படம் முடிந்ததும் க்ளாபோவைப் பிடித்தேன். அவர் தலையைச் சொறிந்தார். "ஓ, அதுவா? ரெண்டாவது சுருளை மெஷின்ல திருப்பி மாட்டிட்டேன் போல. திருப்பி மாட்டினா கண்ணாடியில பாக்குற மாதிரி எடது வலதாயிடும். நெறைய தடவ ஆயிருக்கு, எவனும் கண்டுபிடிச்சதில்ல. நீ ஒருத்திதாம்மா!" என்றார். நியாயமாகத்தான் பட்டது. வீட்டுக்கு வந்து நிம்மதியாகச் சூப் குடித்தேன்.

பாத்திரம் கழுவும்போதுதான் தோன்றியது. சுருளைத் திருப்பி மாட்டினால் உன் கை மட்டுமா மாறும்? எல்லாமே அல்லவா மாறும்? வாளி ஊற்றும் காட்சியில் உனக்குப் பின்னால் ஒரு புகையிலைக் கடைப் பலகை இருந்தது. அதில் எழுத்து எப்படி இருந்தது என்று எவ்வளவு யோசித்தும் நினைவுக்கு வரவில்லை. ஒரு வாரம் முழுக்க அந்தப் பலகையோடேயே கிடந்தேன். ஹெர்ரிங் மீனை எடை போடும்போதும் பலகை, ஜெபம் சொல்லும்போதும் பலகை. ஸெலி கேட்டாள்: "என்னடி, பேயறைஞ்ச மாதிரி இருக்கே?"

நேற்று அதே படத்தை மறுபடி போட்டார்கள். நான் உன்னைப் பார்க்கவில்லை ஆன்ஸெல்ம், பலகையை மட்டும் பார்த்தேன். எழுத்தெல்லாம் நேராக இருந்தது. யார் வேண்டுமானாலும் படிக்கலாம்.

அப்படியானால் ஏணியில் ஏறியது நீ. இறங்கி வந்தது யார்?

க்ளாபோவை மறுபடி மடக்கினேன். இந்தத் தடவை மனிதர் தரையைப் பார்த்தார். எல்லாம் புதுப் படம் என்று சொன்னது வியாபாரத்துக்காக என்றார். பழையதும் புதியதும் கலந்துதான் அவருக்கு வருகிறதாம், எது எப்போது எடுத்தது என்று அவருக்கே தெரியாதாம். "திர்லூங்கிறது கம்பெனியோட பேரு. ஒருத்தன் போனா இன்னொருத்தனுக்கு அதே கால்சட்டைய மாட்டிடுவாங்க. எல்லா எடத்துலயும் அப்படித்தான்" என்றார். எங்கே போனான் என்று நான் கேட்டேன். தெரியாது என்றார். தெரிந்திருந்தாலும் சொல்லியிருக்க மாட்டார்.

இந்தக் கடிதத்தை யாருக்கு எழுதுகிறேன் என்றே இப்போது தெரியவில்லை. எழுதியதை வீணாக்க மனமில்லை. மறுபடி கம்பெனிக்கு அனுப்பினால் இன்னொரு புகைப்பட அட்டை வரும். அதனால் இதை மடித்து என்னிடமே வைத்துக்கொள்கிறேன்.

அக்கா.


புலோன்,
1912 ஜூலை 22, திங்கள்.

திர்லூ வேடம் போடும் ஐயா அவர்களுக்கு,

வணக்கம். என் பெயர் ஓனொரின் தெலாத்ர். மீன் விற்கிறேன். இந்தக் கடிதத்தைக் கொட்டகைக்காரர் க்ளாபோ படச்சுருள் மாற்ற பாரிஸ் வரும்போது உங்கள் கையிலேயே தருவார். தராவிட்டால் இனி இந்தச் சந்தையில் யாரும் அவருக்கு மீன் விற்கமாட்டோம் என்று சொல்லி அனுப்பியிருக்கிறேன்.

நீங்கள் நன்றாக நடிக்கிறீர்கள். மரியாதைக்குச் சொல்லவில்லை. பால் வண்டிக்குள் விழுந்தது நீங்களா என் தம்பியா என்று எனக்கு இன்னும் தெரியாது, ஆனால் நான் வயிறு வலிக்கச் சிரித்தேன். யாரைப் பார்த்துச் சிரித்தேன் என்று தெரியாததுதான் இப்போது என் கஷ்டம். உங்களை வெறுக்க வேண்டும் என்று போன ஞாயிறு கொட்டகைக்குப் போனேன். என்னால் முடியவில்லை. நீங்கள் அந்தக் குட்டி நாயைச் சட்டைக்குள் ஒளித்துவைத்தபோது மறுபடி சிரித்துவிட்டேன். வெளியே வந்து சுவரோரம் நின்று அழுதேன்.

ஐயா, நீங்கள் போட்டிருக்கும் கால்சட்டை என் தம்பி ஆன்ஸெல்முடையது. அதை நீங்கள் பிடுங்கினீர்கள் என்று சொல்ல வரவில்லை. கம்பெனி கொடுத்தது, போட்டுக்கொண்டீர்கள், உங்களுக்கும் வயிறு இருக்கிறது. எனக்கு ஒன்றே ஒன்று தெரிய வேண்டும். அவன் உயிரோடு இருக்கிறானா?

இருக்கிறான் என்றால் எங்கே என்று சொல்லுங்கள். இல்லை என்றால் அதையும் நேராகச் சொல்லுங்கள். அப்பாவிடம் என்ன சொல்வது, எப்போது சொல்வது என்று நான் முடிவு செய்ய வேண்டும். அவர் ஒவ்வொரு ஞாயிறும் உங்களைப் பார்த்து "நம்ம பய" என்கிறார். நான் பக்கத்தில் உட்கார்ந்து தலையாட்டுகிறேன். இன்னும் எத்தனை ஞாயிறு தலையாட்டுவேன் என்று எனக்குத் தெரியவில்லை.

உங்களைப் பெற்றவளை நினைத்துக்கொண்டு பதில் எழுதுங்கள்.

இப்படிக்கு,
ஓனொரின் தெலாத்ர்.


புலோன்,
1912 ஆகஸ்ட் 19, திங்கள்.

என் தம்பி ஆன்ஸெல்முக்கு,

இந்தத் தடவை உறைமேல் உன் பெயரையே எழுதியிருக்கிறேன். இந்த விலாசம் உன் கால்சட்டையை இப்போது போடும் எவாரிஸ்த் அனுப்பியது. அவர் மேல் கோபப்படாதே. உன்னிடம் செய்த சத்தியத்தை மீறிவிட்டேன் என்று அவரே முதல் வரியில் எழுதியிருக்கிறார். நான்கு பக்கக் கடிதம், பாதி மன்னிப்பு. "நான் ஒங்க தம்பிய தள்ளிவிட்டுட்டு வந்தவன் இல்லம்மா. அவரோட கால்சட்டை என் இடுப்புல நிக்கக்கூட மாட்டேங்குது, ஊக்கு குத்தி நிறுத்தியிருக்கேன்" என்று பேசுவது போலவே எழுதுகிறார்.

எல்லாம் தெரிந்துவிட்டது. ஏணிக்குக் கீழே போட்டிருந்த மெத்தை படத்தில் தெரிகிறது என்று அதை இழுத்து நகர்த்தினார்களாம். நகர்த்தியதை உனக்குச் சொல்ல யாருக்கும் தோன்றவில்லையாம். மார்ச் இரண்டாம் தேதி நீ கல் தரையில் விழுந்தாய், நான்காம் தேதி உன் காலை முழங்காலுக்கு மேலே வெட்டி எடுத்தார்கள், அதே வாரத்தில் எவாரிஸ்துக்குக் கால்சட்டை மாட்டி மீதிப் படத்தை எடுத்து முடித்தார்கள். நீ விழுவதைப் பார்த்து நான் சிரித்திருக்கிறேன் ஆன்ஸெல்ம். ஏணி சாய்ந்தபோது அது நீதான். இரண்டு ஞாயிறும் அதைப் பார்த்தேன், இரண்டாம் முறை பலகை வரட்டும் என்று அவசரப்பட்டேன். இதை எப்படிச் சுமப்பது என்று எனக்குத் தெரியவில்லை.

இப்போது கம்பெனியிலேயே பெண்களோடு உட்கார்ந்து படச்சுருள் வெட்டி ஒட்டுகிறாய் என்றும் எழுதியிருக்கிறார். பசை நன்றாகத் தடவுகிறாயாம். பெண்கள் உன்னை நன்றாகப் பார்த்துக்கொள்கிறார்களாம். அந்தப் பெண்களுக்கு நன்றி.

ஆனால் நீ ஏன் எழுதவில்லை என்று அவர் சொன்னதைப் படித்துவிட்டுக் கடிதத்தைக் கீழே போட்டுவிட்டேன். நான் மார்ச்சில் எழுதிய கடிதம் ஆஸ்பத்திரிக் கட்டிலில் உன் கைக்குக் கிடைத்ததாமே. அப்பா கைதட்டினார் என்று நான் எழுதியதைத் திரும்பத் திரும்பப் படித்தாயாம். "எங்கப்பா ஒத்துக்கிட்டது திர்லூவ. அவன் ஓடிக்கிட்டே இருக்கட்டும். ஒத்தக் காலன அவருக்குக் காட்ட வேணாம்" என்று அவரிடம் சொன்னாயாம். அடப் பாவி! நான் சந்தோஷமாக எழுதிய கடிதம்தானா உன் வாயை அடைத்தது? உனக்கு நல்ல செய்தி சொன்னேன் என்று நினைத்து ஐந்து மாதம் உன்னைத் திட்டிக்கொண்டிருந்தேனே.

அப்பாவிடம் சொல்லிவிட்டேன். இதைக் கேட்டு நீ கோபப்படுவாய், படு. போன வாரம் புதன்கிழமை காலை, அவர் புகைக்குழாயில் புகையிலை அடைத்துக்கொண்டிருந்தார். நான் சுற்றி வளைக்கவில்லை. விழுந்தது, கால், எவாரிஸ்த், எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டினேன். அவர் அடைத்துக்கொண்டே இருந்தார், புகையிலை வழிந்து மடியில் கொட்டியது. பிறகு, "அப்ப நான் யாருக்குக் கைதட்டினேன்?" என்று கேட்டார். எனக்குத் தெரியவில்லை அப்பா என்றேன். "எது அவன், எது மத்தவன்?" என்றார். அதுவும் தெரியவில்லை என்றேன். மடியைத் தட்டிவிட்டு எழுந்து வெளியே போய்விட்டார். நீ நினைத்ததுதான் சரியோ, மனிதருக்கு மகன் மறுபடி இல்லாமல் போய்விட்டானோ என்று நான் பயந்தேன்.

நேற்று ஞாயிறு. நான் கொட்டகைக்குக் கிளம்பவில்லை. அவர் சவரம் செய்துகொண்டு வந்து கதவருகே நின்றார். "வர்றியா இல்லியா?" என்றார். போனோம். முன் வரிசை. புதுப் படம், திர்லூ யாரோ ஒருத்தியின் ஜன்னலுக்குச் சுவர்க் குழாயைப் பிடித்து ஏறுகிறான். மூன்று மாடி. பியானோக்காரர் விறுவிறுவென்று வாசிக்கிறார். எனக்குப் பார்க்கப் பிடிக்காமல் தலையைக் குனிந்துகொண்டேன். பக்கத்தில் நாற்காலி கீழே சரிந்த சத்தம். அப்பா எழுந்து நிற்கிறார். கையை நீட்டிக்கொண்டு, படகிலிருந்து கரைக்குக் கூப்பிடும் குரலில் கத்துகிறார்: "எறங்குடா! எறங்குடா பையா, கீழ மெத்த இல்லடா!"

கொட்டகை முழுக்கச் சிரித்தது. நல்ல வேடிக்கை என்று நினைத்துவிட்டார்கள். "உக்காரு தாத்தா, மறைக்குது!" என்று பின்னாலிருந்து ஒருத்தன் கத்தினான். அப்பா உட்காரவில்லை. திர்லூ ஜன்னலுக்குள் பத்திரமாகக் குதிக்கும்வரை நின்றார். அப்புறம் என் கையைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்துவிட்டார். வழியெல்லாம் கண்ணீர். துடைக்கக்கூட இல்லை. துறைமுகத்தில் எல்லோரும் பார்த்தார்கள். அவர் கவலைப்படவில்லை, நானும் கவலைப்படவில்லை.

வீட்டுக்கு வந்ததும் இரண்டு விஷயம் எழுதச் சொன்னார். ஒன்று, எவாரிஸ்துக்கு. "அந்தப் பையன் உயரத்துல ஏற வேணாம்னு எழுது. ஏறித்தான் ஆகணும்னா, ஏறறதுக்கு முன்னாடி கீழ அவனே பாத்துக்கணும். வேற யாரையும் நம்பக் கூடாது." இதை நீயே அவரிடம் நேரில் சொல்லிவிடு. அப்பாவுக்கு இப்போது அவரைப் பற்றியும் கவலை வந்துவிட்டது. இதற்கு என்ன செய்வது என்று எனக்குத் தெரியவில்லை.

இரண்டாவது உனக்கு, வீட்டுக்கு வந்து சேர் என்று. ஸ்டேஷனிலிருந்து வீடுவரை மேட்டுத் தெரு, கல் பாவியது, கட்டையை ஊன்றிக்கொண்டு உன்னால் ஏற முடியாது என்கிறார். வாடகை வண்டி வைப்போம் என்றேன். காதிலேயே வாங்கவில்லை. இன்று காலை விடியுமுன்பே என் மீன் தள்ளுவண்டியை வாசலில் இழுத்துப் போட்டுக் கழுவ ஆரம்பித்தார். சலவைச் சோடாவும் கொதிநீரும் போட்டுத் தேய்க்கிறார், குனிந்து முகர்ந்து பார்க்கிறார், தலையாட்டிவிட்டு மறுபடி தேய்க்கிறார். இதை நான் எழுதிக்கொண்டிருக்கும் இந்த நேரத்தில் நான்காவது தடவை. சந்தைக்கு மீனை எதில் கொண்டுபோவேன் என்று கேட்டேன். "கூடையில தூக்கிட்டுப் போ" என்கிறார். நானும் ஸெலியும் கூடையில்தான் தூக்கிக்கொண்டு போனோம்.

அவர் உன் பெயரை இன்னும் வாய் திறந்து சொல்லவில்லை, ஏழு வருட வீம்பு ஒரு நாளில் போகாது. ஆனால் ஜன்னல் வழியே என்னைப் பார்த்து, "எந்த ரயிலுன்னு கேட்டியா? கேட்டியா?" என்று நச்சரித்துக்கொண்டே இருக்கிறார்.

கேட்டுவிட்டேன் தம்பி. மாதா உன்னைப் பத்திரமாகக் கொண்டுவந்து சேர்க்கட்டும். எந்த ரயில் என்று மட்டும் எழுது.

உன் அக்கா,
ஓனொரின்.